எப்போது, எங்கே, யார்?

காசியில் தசாசுவமேதத் துறையிலிருந்து மணிகர்ணிகைக்குக் கங்கைக் கரையோரமாகவே நடந்து செல்லலாம். விரும்பினால் அதே வழியில் திரும்பியும் வரலாம். ஒரு துறையில் நிற்கும்போது மற்றொரு துறை மறைந்துவிடுவதில்லை. ஆனால் இன்று காலை அங்கு நீராடிய அந்த நாழிகைக்கு எவ்வழியில் திரும்புவது? இடத்தின் பகுதிகள் ஒருங்கே இருக்கின்றன. காலத்திலோ ஒன்று கழிந்த பின்னரே மற்றொன்று வருகிறது. 'முன்', 'பின்' என்ற ஒரே சொற்களை இரண்டுக்கும் வழங்குவதால் நாம் இவ்வேற்றுமையை அவ்வளவாகக் கவனிப்பதில்லை.

ஜெர்மானியத் தத்துவ அறிஞர் காண்ட் 1781-இல் வெளியிட்ட தம் நூலில், புறக்காட்சியின் வடிவம் இடம் என்றும் அகக்காட்சியின் வடிவம் காலம் என்றும் பிரித்தார். கோபம் எத்தனை முழம் என்று எவரும் கேட்பதில்லை. எவ்வளவு நேரம் நீடித்தது என்று கேட்கிறோம் அன்றோ!

நினைவிலும் இவை ஒருபடித்தானவை அல்ல. இளமையில் வாழ்ந்த வீட்டை எண்ணினால் கூடம், முற்றம், கிணற்றடி எல்லாம் தாமாகவே வந்து நிற்கின்றன. ஆண்டைச் சொல்லத்தான் விரல்விட்டு எண்ண வேண்டியிருக்கிறது. குறிப்பிட்ட ஓர் இடத்தை அடையும்போது மட்டும் கிளர்ச்சியுறும் செல்கள் எலியின் மூளையில், ஹிப்போகாம்பஸ் என்னும் பகுதியில், இருப்பதை ஜான் ஓ'கீஃப் 1971-இல் அறிவித்தார். 2014-இல் நோபல் பரிசு பெற்றோருள் அவரும் ஒருவர். புதிய நிகழ்ச்சிகள் நினைவில் பதிவதற்கும் இப்பகுதி இன்றியமையாதது. அல்சைமர் நோய் தொடக்கத்திலேயே தாக்கும் பகுதிகளுள் இதுவும் ஒன்று.

அந்நோயில் பெரும்பாலும் முதலில் நழுவுவது காலம். கிழமை மறக்கிறது, ஆண்டு மறக்கிறது. பிறகு இடம்: சொந்த வீட்டில் அமர்ந்தபடியே "வீட்டுக்குப் போக வேண்டும்" என்கிறார்கள். இறுதியில் பெற்ற மக்களின் முகமும் அயலாகிறது. "அம்மாவுக்கு என்னையே தெரியவில்லை. இனி அவர் யார், சுவாமி?" என்று கண்ணீருடன் கேட்பவர்களுக்கு வேதாந்தம் விடையளித்தாக வேண்டும்.

பிரம்ம சூத்திர பாஷ்யத்தில் க்ஷணிகவாதத்தை மறுக்கும் ஆசாரிய சங்கரர், நேற்றுக் கண்டவனும் இன்று நினைப்பவனும் ஒருவனே என்பதை நினைவைக் கொண்டே நிலைநாட்டுகிறார். அப்படியானால் நினைவு அழிந்தவரிடம் ஆன்மாவும் அழிந்ததா? இங்கேதான் கவனம் தேவை. நினைவு ஆன்மா நிலைத்திருப்பதற்குச் சான்று. அது நிலைத்திருப்பதற்குக் காரணம் அன்று. புகை தீயைக் காட்டுகிறது. ஆனால் பழுக்கக் காய்ச்சிய இரும்பில் புகை இல்லை, தீ உண்டு. ஆழ்ந்த உறக்கத்தில் நமக்கும் நாள் தெரிவதில்லை, இடம் தெரிவதில்லை, பெயரும் தெரிவதில்லை. அப்போது நாம் இல்லாமற்போனோம் என்று எவரும் கருதுவதில்லை. காலம், இடம் இரண்டும் அந்தக்கரணத்தில் தோன்றி மறைபவை. அவற்றின் தோற்றத்தையும் மறைவையும் விளக்கும் சாட்சி அவற்றுள் அடங்குவதில்லை.

இதனால் பிள்ளைகளின் துயரம் தீர்ந்துவிடும் என்று சொல்ல வரவில்லை. ஆனால் "நான் யார், சொல்லுங்கள் பார்க்கலாம்" என்று அவர்களைச் சோதிப்பதையாவது விட்டுவிடலாம். கிழமையைப் பத்தாம் முறை கேட்டால் பத்தாம் முறையும் சொல்லலாம். கையைப் பற்றி அருகில் அமர்ந்து, அவர்கள் நெடுங்காலம் பாடிவந்த தோத்திரத்தை மெல்லத் தொடங்கிப் பாருங்கள். சிலர் அடுத்த அடியைத் தாமே எடுத்துக் கொடுக்கிறார்கள்.