கொலைகாரனின் கண்ணால் பார்ப்பது

எட்கர் ஆலன் போ 1843இல் வெளியிட்ட 'தி டெல்-டேல் ஹார்ட்' கதையில், கிழவரைக் கொன்றவனே பேசுகிறான். தனக்குப் பைத்தியம் இல்லையாம். "சும்மா கதை விடாதப்பா" என்று சொல்ல வாசகருக்கு அங்கே இடமிருக்கிறது.

1953இல் டெட் பார்மலீ இயக்கிய அனிமேஷன் குறும்படம் அந்த இடத்தைப் பறித்துவிடுகிறது. பெரும்பாலும் கொலைகாரனின் கண்ணால்தான் பார்க்கிறோம். கோணல் சுவர்கள், நீளும் நிழல்கள், ஜேம்ஸ் மேசனின் குரல். எல்லாமே அழகு. கிழவருக்காக இரங்குவதை விட்டுவிட்டு, இவன் மாட்டிக்குவானோன்னு பதறுகிறோம்.

கொலையை இவ்வளவு அழகாகக் காட்டலாமா? காட்டலாம் என்றே நினைக்கிறேன். தீமை வெளியிலிருந்து பார்த்தால் கோரம். உள்ளே நின்று பார்த்தால் நியாயம் மாதிரியே இருக்கும். அதை உணர்த்தாத இருட்டும் மூடுபனியும் வெறும் அலங்காரம்தான்.