சட்டம் விட்டாலும் மனச்சாட்சி விடுமா?



ஒரு பொருள் சட்டப்படி நம்முடையதாயிருந்தால், நியாயப்படியும் அது நம்முடையதுதானா? ஆங்கில நாவலாசிரியர் அந்தோணி டிரொல்லப் 1855-ல் வெளியிட்ட ‘தி வார்டன்’ என்னும் கதை இக்கேள்வியையே எழுப்புகிறது. இக்கதையையும் இதன் தொடர்ச்சியையும் சேர்த்து, பி.பி.சி. 1982-ல் ‘தி பார்செஸ்டர் கிரானிக்கிள்ஸ்’ என்ற தொலைக்காட்சி நாடகமாக ஒளிபரப்பிற்று.

பார்செஸ்டர் ஒரு கற்பனை நகரம். ஏழை முதியவர் பன்னிருவருக்காக, 15-ஆம் நூற்றாண்டிலே கம்பளி வியாபாரி ஒருவர் எழுதிவைத்த தர்ம விடுதி அங்கே உண்டு. அதன் காப்பாளர் ஹார்டிங் என்னும் ஆங்கிலிக்கன் குரு. சாந்தகுணமுள்ளவர், சங்கீதப் பிரியர். தர்மச் சொத்தின் வருமானம் காலப்போக்கில் பெருகியது. காப்பாளருக்கு ஆண்டுக்கு 800 பவுன் கிடைத்தது. முதியவருக்கோ நாளொன்றுக்கு 1 ஷில்லிங் 4 பென்ஸ்தான் ஏற்பாடு. இது முறையா என்று வழக்கு எழுந்தது. பத்திரிகையும் ஹார்டிங்கைத் தூற்றிற்று.

அவருடைய மருமகன் ஆர்ச்டீக்கன் பதவியிலிருந்தவர். விட்டுக்கொடுத்தால் திருச்சபைக்கே இழுக்கு என்று அவர் வாதாடினார். பெரிய வழக்கறிஞரும், வழக்கு ஒழிந்தது, இனிக் கவலையில்லை என்றார். ஆனால் ஹார்டிங் அறிய விரும்பியது வேறு: அந்தப் பணம் நியாயமாகத் தமக்கு உரியதா? வழக்கறிஞரிடம் அதற்கு விடையில்லை. ஹார்டிங் பதவியைத் துறந்தார்.

இதனால் முதியோருக்கு நன்மை விளைந்ததா? இல்லை. ஆளுக்கு ஆண்டுக்கு 100 பவுன் வரும் என்று நம்பியிருந்தவர்களுக்கு ஒன்றும் கிட்டவில்லை. புதிய காப்பாளரும் நியமிக்கப்படவில்லை. விடுதி சீர்குலைந்தது, முதியவர் சிலர் பராமரிப்பாரின்றி மாண்டனர்.

அப்படியானால் அவருடைய மனச்சாட்சி தவறிற்றோ? தவறவில்லை என்பேன். தனக்கு உரியதல்ல என்று உண்மையாகவே நம்புகிறவன் அதை வைத்துக்கொண்டிருக்கலாகாது. விடுதியைக் கவனியாமல் விட்ட குற்றம், நியமிக்கக் கடமைப்பட்டிருந்தும் நியமியாதவர்களையே சாரும். ஆயினும் ஒன்றை மறக்கலாகாது. நம் கை சுத்தமானதோடு ஏழையின் துயரம் தீர்ந்துவிடுவதில்லை. ஹார்டிங் இதை அறிந்திருந்தார். பதவி போனபின்னும், சாகும் தறுவாயிலிருந்த முதியோரிடம் சென்று ஆறுதல் சொன்னார்.

பத்திரமும் தீர்ப்பும் நமக்குச் சாதகமாயிருக்கலாம். அதற்காகச் சகோதரனின் பாகமும் வேலையாளின் கூலியும் நம்முடையதாகிவிடுமா? வழக்கறிஞரைக் கேட்குமுன் மனச்சாட்சியைக் கேளுங்கள். திருப்பிக் கொடுத்தபின்னும் அவர்கள் வீட்டு வாசற்படியை மிதிக்க மறவாதீர்கள்.