இல்லாத படத்துக்குப் பதிலாக

சயாம் மரண ரயில் பற்றிய ஆவணப்படங்களில் ஒரு விஷயம் எனக்கு எப்போதும் உறுத்தும். 1942-43இல் போடப்பட்ட 415 கிலோமீட்டர் பாதை அது. வேலை செய்த நேசநாட்டுப் போர்க்கைதிகள் 60,000 பேருக்கு மேல். ஆசியத் தொழிலாளர்கள் அதைப்போல மூன்று மடங்காவது இருப்பார்கள். மலாயாத் தோட்டங்களிலிருந்து போன தமிழர்கள் அதில் பெருங்கூட்டம். ஆனால் பின்னணிக் குரல் 'தமிழர்கள்' என்று சொல்லும்போதுகூட திரையில் நிற்பது எலும்பும் தோலுமான வெள்ளைக்காரக் கைதிகள்தான்.

காரணம் ஒன்றும் மர்மமில்லை. கைதிகளில் ஒளித்து வைத்த கேமராவோடு இருந்தவர்கள் உண்டு. ஜேக் சாக்கர் மாதிரி ரகசியமாக வரைந்தவர்கள் உண்டு. வரைந்ததைக் காப்பாற்றி வைக்க அவர்கள் ஊரில் அருங்காட்சியகமும் உண்டு. தோட்டத்திலிருந்து ஏற்றிக்கொண்டு போன நம் தாத்தாக்களிடம் என்ன இருந்தது?

இப்படி ஒரு படத்துக்குப் பழைய காட்சிகளைத் தேடித்தரும் வேலை எனக்கு வந்தது. போருக்கு முந்திய தோட்டக் காட்சிகள் பிரிட்டிஷ் காப்பகங்களில் கிடைக்கின்றன. ஆனால் தேடும்போது 'தமிழர்' என்று அடித்தால் மட்டும் போதாது, 'கூலி' என்றும் அடிக்க வேண்டும். பாட்டியைக் கண்டுபிடிக்க, துரை அவளைக் கூப்பிட்ட பேரையே நானும் டைப் பண்ணணும். கிடைப்பதும் பெரும்பாலும் ரப்பர் வியாபாரத்தின் பெருமை பேச எடுத்தவை. பால்மரம் சீவுகிறவர்கள் நன்றாகத்தான் இருக்கிறார்கள் அதில்.

ரயில்பாதைக்கு அதுவும் இல்லை. எடிட்டர் சொன்னார்: "கைதிங்க ஷாட்டையே போட்டுடுவோம். அதே பாதை, அதே காலரா. யாருக்குத் தெரியப் போவுது?"

அவர் சொன்னதை லேசாகத் தள்ள முடியவில்லை. படமே இல்லாத சாவை இன்றைய பிள்ளைகள் எதை வைத்து நம்புவார்கள்? ஆனாலும் எனக்கு ஒப்பவில்லை. அந்தக் கைதிக்கு ஒரு பெயர் இருக்கிறது, எங்கோ ஒரு கோப்பில். அவரை நம்மவருக்குப் பதிலாள் ஆக்கினால் இரண்டு பேரும் காணாமல் போகிறார்கள். அடுத்த படம் எடுப்பவர் நம் படத்திலிருந்து அதை உருவுவார், ஆதாரம் என்று. ஏற்கெனவே பலர் மனதில் இருக்கும் 'குவாய் பாலம்' 1957 படத்துக்காக இலங்கையின் கித்துல்கலவில் கட்டிய செட்தானே.

யேல் ஹெர்சோன்ஸ்கி 2010இல் எடுத்த 'எ ஃபிலிம் அன்ஃபினிஷ்ட்' நினைவுக்கு வருகிறது. வார்சா கெட்டோவில் 1942 மே மாதம் நாஜிகள் எடுத்த காட்சிகளைப் பல ஆவணப்படங்கள் நேரடிச் சாட்சியமாகவே பயன்படுத்தி வந்தன. பிறகு 1998இல் இன்னொரு சுருள் கிடைத்தது. அதில் ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப நடிக்க வைத்து எடுத்திருந்தார்கள். ஹெர்சோன்ஸ்கி அந்தக் காட்சிகளைத் தூக்கிப் போடவில்லை. கேமராவுக்குப் பின்னால் யார் நின்றது என்பதையும் சேர்த்தே காட்டினார். தோட்டக் காட்சிகளுக்கு இது சரிப்படும்: யார் எடுத்தது, எதற்காக என்று திரையிலேயே எழுதிவிடலாம்.

ரயில்பாதைக்கு நான் கேட்டது இருட்டுத் திரை, மேலே உயிரோடு திரும்பிய ஒரு தாத்தாவின் குரல். அந்த மாதிரிப் பேட்டி டேப்புகள் இன்னும் சில வீட்டு அலமாரிகளில் கிடக்கின்றன, நம்ம ஊர் ஈரத்தில் பூஞ்சை பிடித்தபடி. நமக்கென்று இருக்கும் காட்சி ஆவணம் அதுதான். அதை டிஜிட்டலாக்க யாரும் காசு ஒதுக்குவதில்லை; லண்டன் காப்பகத்துக்கு நிமிடக் கணக்கில் கட்டப் பணம் இருக்கிறது.

எடிட்டர் இருபது வினாடி கொடுத்தார். "அதுக்கு மேல போனா டிவி கெட்டுப்போச்சுன்னு நெனச்சிடுவாங்க," என்றார்.