கட்டத்துக்குள் இருக்கும் எழுத்து

உள்மென்பொருளை மாற்றிப் போட்ட கையடக்க விளையாட்டுக் கருவியில் எழுத்துருக் கோப்பு அழிந்துவிட்டால், சொல் நிற்க வேண்டிய இடத்தில் வெற்றிடமோ வெறுங்கட்டங்களோ நிற்கும். 2004இல் வெளிவந்த பிஎஸ்பி கருவியில் எழுத்துருக்களுக்கென்றே ஒரு கோப்புறை உண்டு. தொலைந்த கோப்புகளை அங்கே திரும்ப வைத்தால் எழுத்து தெரியும். ஒரு சொல்லைக்கூட யாரும் மறுபடி எழுத வேண்டியதில்லை. இடைப்பட்ட நேரத்தில் அந்தச் சொற்கள் எங்கே இருந்தன? உரு மறைந்தால் உள்பொருளும் மறையுமா என்று சமயம் நெடுங்காலமாகக் கேட்டுவரும் கேள்விதான் இது. மறைவதில்லை என்றே நான் கருதுகிறேன்.

நன்னூல் எழுத்தை முதலில் ஒலியாகக் கொள்கிறது. வரிவடிவம் அதன் பிறகுதான். யூனிகோடும் ஏறக்குறைய அப்படியே செய்கிறது. அதில் ககரத்தின் எண் 2965. ‘கெ’ என்று எழுதும்போது கண்ணுக்குக் கொம்பு முன்னே நிற்கும். சேமிப்பில் ககரம் முன்னே, உயிர்க்குறி பின்னே, ஒலிக்கும் வரிசையில். கொம்பை முன்னே கொண்டுவந்து நிறுத்துவது திரையில் காட்டும் வேலை. யூனிகோடு பரவலாவதற்கு முன் புழங்கிய திஸ்கி குறியேற்றத்தில் கண்ணுக்குத் தெரியும் வரிசையே சேமிப்பு வரிசை. உரிய எழுத்துரு இல்லாவிட்டால் தமிழுக்குப் பதில் புள்ளியும் கோடும் போட்ட ஐரோப்பிய எழுத்துகள் வந்து நிற்கும். எழுத்துக்கு உருவை விட்டுத் தனி இருப்பு அன்று இல்லை. ஒப்பிட்டால் இன்றைய வெறுங்கட்டம் நேர்மையானது. இங்கே ஒருவர் இருக்கிறார், முகம் மட்டும் எனக்குத் தெரியவில்லை என்று அது ஒப்புக்கொள்கிறது.

முகம் தெரியாமல் இருப்பது கோயிலுக்கும் புதிதல்ல. கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸ் ஸ்காட் சாலைக் கந்தசுவாமி கோயில் போன்ற சைவக் கோயில்களில் திருப்பணி என்றால் முறை என்ன? மூர்த்தியின் ஆற்றலைக் கலசத்தில் எழுந்தருளச் செய்து பாலாலயம் என்ற தற்காலிகச் சந்நிதியில் வைப்பார்கள். கும்பாபிஷேகம் வரை பூசை அங்கேதான். கருவறை மூடியிருப்பதால் முருகன் இல்லை என்று அடியார் யாரும் சொல்வதில்லை. யூனிகோடு எண் என்பது மனிதர் கூடி வகுத்த உடன்பாடுதானே, அதை எழுத்தின் உயிர் என்பது மிகையல்லவா என்று கேட்கலாம். எண்ணை நான் உயிர் என்று சொல்லவில்லை. அது கலசம், உயிர் பேசுபவரின் ஒலியில் இருக்கிறது. அப்படியானால் உருவே வேண்டாமா என்பது இதைவிடக் கடினமான கேள்வி. பாலாலயத்தையே நிலையான கோயிலாக்கி யாரும் நின்றுவிடுவதில்லை. இறைவன் உருவம் கொள்வது தன் தேவைக்காக அல்ல, உயிர்கள்மேல் வைத்த அருளால் என்கிறது சைவ சித்தாந்தம். ஆப்பிள் கணினிகளுக்கு ‘இணைமதி’ எழுத்துருவை வடித்த மலேசியர் முத்து நெடுமாறனின் உழைப்பை, உருக்கொடுக்கும் அந்த அருளின் வரிசையில்தான் வைப்பேன்.

பிஎஸ்பி சுமந்து வந்த எழுத்துருக்கள் லத்தீனுக்கும் ஜப்பானியத்துக்கும் கொரியனுக்கும் உரியவை. தமிழைப் பொறுத்தவரை அங்கே எதுவும் தொலையவில்லை; கருவறையே கட்டப்படவில்லை. அத்தகைய கருவியைக் கையில் வைத்திருக்கும் கிள்ளான் தமிழ்ப்பள்ளிப் பிள்ளையிடம் 2965 எங்கோ பத்திரமாக இருக்கிறது என்று சொல்லி என்ன பயன்? அந்தப் பிள்ளை ககரத்தைக் கண்ணால் பார்க்க வேண்டும்.