கண்டனமும் ஒரு சரக்குதான்

ஒருத்தியைக் கேவலம்னு சொல்லிக்கிட்டே அவளைக் காட்டிக் காசு பண்ண முடியுமா? முடியும். 1960களில் அமெரிக்க மலிவுச் சினிமா அதைத்தான் செய்தது.

1965இல் ஜோசப் மாவ்ரா எடுத்த படம் 'செயின்டு கேர்ள்ஸ்'. சங்கிலியிட்ட பெண்கள் என்று அர்த்தம். நியூயார்க்கில் லெஸ்பியன் பெண்கள் வாழ்கிற விதத்தைச் சொல்ல வந்த ஆவணப்படம் மாதிரி வேஷம். காட்சிகளோ நடிகைகளை வைத்து எடுத்தவை. மேலே ஓர் ஆண்குரல், டாக்டர் கணக்காய்ப் புள்ளிவிவரம் ஒப்பிக்கும்.

ஏன் இந்த வேஷம்? 1934 முதல் ஹாலிவுட்டில் கறாராக அமலான தணிக்கை விதிகள் ஒருபால் உறவைக் காட்டவே கூடாது என்றன. 1961இல்தான் கொஞ்சம் தளர்ந்தன. மலிவுப் படக்காரர்கள் அந்த விதிகளுக்கு வெளியே நின்று விற்றவர்கள். என்றாலும் போலீஸ், கோர்ட்டு பயம் அவர்களுக்கும் உண்டு. "சமூகத்தை எச்சரிக்கிறோம்" என்ற சாக்கு அங்கே உதவியது. பார்க்க வந்தவனுக்கும் அது வசதி. ஆசை தீரப் பார்த்துவிட்டு, "சீ, என்ன ஜென்மங்க" என்று துப்பிவிட்டு நல்லவனாகவே வீடு திரும்பலாம்.

பெரிய கம்பெனிகள் மட்டும் யோக்கியமா? 1961இல் வந்த வில்லியம் வைலரின் 'தி சில்ட்ரன்ஸ் அவர்' படத்தில், தோழிமேல் உள்ள காதலை ஒத்துக்கொண்ட ஆசிரியை தூக்கில் தொங்குகிறாள். அவன் சதையை விற்றான், இவர்கள் சாவை விற்றார்கள்.

"அப்படியாவது திரையில் தெரிஞ்சாங்களே" என்று கேட்கலாம். இருட்டு அரங்கில் தன்னைப்போல் ஒருத்தியைப் பார்த்து ஆறுதலடைந்த பெண் இருந்திருக்கலாம். அந்த ஆறுதல் அவள் சம்பாத்தியம், படத்தின் தயவு அல்ல.

அந்தப் பெண்கள் தாங்களே பேசியதும் உண்டு. 1955இல் சான்பிரான்சிஸ்கோவில் 'டாட்டர்ஸ் ஆஃப் பிலிட்டிஸ்' அமைப்பைத் தொடங்கினார்கள். 1956 முதல் 1972 வரை 'தி லேடர்' பத்திரிகை நடத்தினார்கள். கதை, கவிதை, புத்தக விமர்சனம், பிள்ளை வளர்ப்பு, சட்டம் என்று எழுதினார்கள். பலருக்குப் புனைபெயர்தான். பேரு வெளியே தெரிஞ்சா வேலை போச்சு, வீடு போச்சு.

இந்தப் பயத்தை மாவ்ரா வகையறா காட்டவில்லை. காட்டினால், பயமுறுத்துகிற கூட்டத்தில் டிக்கெட் வாங்கியவனும் ஒருத்தன் என்பது அவனுக்கே தெரிந்துபோகும். அப்புறம் எவன் காசு கொடுப்பான்?

ஆகவே குற்றம் ஆபாசத்தில் இல்லை, பொய்யோடும் முடியவில்லை. ஒருத்தியின் வாயை அடைத்து, அவளுக்கான தீர்ப்பைத் தானே எழுதி, அதையும் விலைக்கு விற்றதில் இருக்கிறது. துணி விலகாத படமும், கண்ணீர் விடுகிற படமும்கூட இதைச் செய்ய முடியும்.