ஒரு நாளைக்கு ஒன்றரை வெட்டு

1979-இல் வெளிவந்த ‘அபோகலிப்ஸ் நவ்’ படத்துக்காக இயக்குநர் பிரான்சிஸ் போர்ட் கொப்போலா எடுத்துக் குவித்த காட்சிகள் 230 மணி நேரத்துக்கு மேல். திரைக்கு வந்ததோ இரண்டரை மணி நேரத்துக்கும் குறைவு. மிச்சத்தையெல்லாம் பார்த்து, எடைபோட்டு, ஒதுக்கியவர்கள் எடிட்டர்கள்.

அவர்களில் ஒருவர் வால்ட்டர் மர்ச். பின்னாளில் ‘தி இங்கிலிஷ் பேஷன்ட்’ என்ற ஒரே படத்துக்குப் படத்தொகுப்பு, ஒலி இரண்டுக்கும் ஆஸ்கர் வாங்கியவர். அபோகலிப்ஸ் வேலை முடிந்ததும் அவர் ஒரு கணக்குப் போட்டார். படத்திலுள்ள வெட்டுகளை, அதாவது ஒரு துண்டு முடிந்து அடுத்தது ஒட்டப்படும் இடங்களை, எடிட்டர்கள் உழைத்த நாட்களால் வகுத்தார். ஆளுக்கு ஒரு நாளைக்கு 1.47 வெட்டு என்று வந்தது.

பிலிமை வெட்டி ஒட்டச் சில விநாடிகள் போதும். அப்படியானால் நாள் முழுக்க அவர்கள் என்னதான் செய்தார்கள்?

ஒட்டினார்கள், ஓட்டிப் பார்த்தார்கள், பிரித்தார்கள். நடிகர் முகத்தைத் திருப்புவதற்கு முன்பே வெட்டிவிடலாமா, திரும்பி முடிக்கட்டுமா? இந்தக் காட்சி அதற்கு முன்னால் வரட்டுமா? படத்தில் நிலைத்த ஒவ்வொரு வெட்டுக்கும் பின்னால், போட்டுப் பார்த்துக் கலைத்தவை பதினைந்து இருக்கலாம் என்பது மர்ச்சின் கணிப்பு. ‘நிழல் ஒட்டுகள்’ என்று அவற்றுக்குப் பெயரும் வைத்தார். அவை எதுவும் ரசிகன் கண்ணில் படாது. ஆனால் அவற்றைக் கடந்துதான் அந்த ஒரு வெட்டு சரியான இடத்தில் விழுந்தது.

பொழுது சாய்ந்தால் நமக்குள் ஒரு குரல் கேட்கும்: “இன்னிக்கு என்னத்தைக் கிழிச்சோம்?” முடிந்ததை மட்டும் எண்ணினால் பதில் பெரும்பாலும் சுருக்கமாகத்தான் இருக்கும். வினாத்தாள் தயாரிக்கும் ஆசிரியை எழுதி அடித்த கேள்விகள் அந்தக் கணக்கில் வராது. மேஸ்திரி சுண்ணாம்புக் கோடு போட்டு, நடந்து பார்த்து, அழித்துவிட்டு வேறிடத்தில் வைத்த வாசற்படியும் வராது.

அதற்காக, சும்மா யோசித்துக்கொண்டே இருந்ததையெல்லாம் உழைப்பில் சேர்த்துவிடக் கூடாது. நிழல் ஒட்டு என்பது ஒருமுறையாவது உண்மையில் ஒட்டப்பட்டு, ஓட்டிப் பார்க்கப்பட்டது. எடிட்டர் அதை நிராகரித்தது கண்ணால் கண்ட பிறகே.

இன்று மாலை கணக்குப் பார்க்கும்போது, முடித்த வேலையோடு செய்துபார்த்துக் கைவிட்டதையும் வரவில் எழுதிக்கொள்ளுங்கள். தொடாமலே தள்ளிவைத்ததை மட்டும் அதில் சேர்க்காதீர்கள்.