சேர்த்து வைப்பவர்கள்

புதிதாகப் படைப்பவனுக்குத்தான் பெருமை, இருப்பதைத் தேடிச் சேர்ப்பவன் இரண்டாம் பந்திக்காரன் என்ற எண்ணம் நம்மிடம் ஊறிப்போயிருக்கிறது. எனக்கும் அது இருந்தது. பயண எழுத்தாளர் ஏ.கே. செட்டியாரைப் படிக்கப் படிக்க அது கரைந்து போயிற்று.

கோட்டையூரில் 1911இல் பிறந்தவர். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குச் சென்ற கப்பலில், காந்தியைப் பற்றி முழுநீள ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் அவருக்குப் பிறந்தது. அப்போது அவருக்கு 26 வயதுகூட நிரம்பவில்லை.

கேமராவைத் தூக்கிக்கொண்டு கிளம்பினால் மட்டும் முடிகிற வேலையா அது? காந்தியின் தென்னாப்பிரிக்கப் போராட்டம், தண்டி யாத்திரை, லண்டன் வட்டமேசை மாநாடு எல்லாம் நடந்து முடிந்திருந்தன. யார் யாரோ எடுத்த செய்திப்படத் துண்டுகள் நாடு நாடாகச் சிதறிக் கிடந்தன. அவற்றைத் தேடி நாடு நாடாக அலைந்தார். சேர்ந்தது 50,000 அடி பிலிம்.

அன்றைய நைட்ரேட் பிலிம் சட்டென்று தீப்பற்றக்கூடியது. பேசாப்படக் காலத்தில் நொடிக்கு 16 சட்டகம் (ஃபிரேம்) என்ற கணக்கில் எடுத்ததை, 24 சட்டகம் ஓடும் பேசும்படக் கருவியில் போட்டால் நடப்பவர்கள் ஓடுவதாகத் தெரியும். இப்படிப்பட்ட துண்டுகளிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்து கோத்து, இரண்டு மணி நேரத்துக்கும் மேலாக ஓடும் படமாக்கினார். வெள்ளையர் ஆட்சியிலேயே, 1940 ஆகஸ்டில், சென்னையில் படம் தமிழில் வெளியானது.

பிறகு பல்லாண்டுகள் ‘குமரி மலர்’ இதழை நடத்தியபோதும் பழைய இதழ்களில் புதைந்து கிடந்த எழுத்துகளைத் தேடித் தேடி வெளியிட்டார். உலகம் சுற்றி எழுதிய பயண நூல்களிலும் தன்னைப் பற்றி அதிகம் பேசவில்லை. எடுத்த காரியம் நின்றால் போதும், தன் பெயர் நிற்க வேண்டியதில்லை என்று வாழ்ந்திருக்கிறார். அந்த மனம் வாய்ப்பது எவ்வளவு அரிது!

அவ்வளவு பாடுபட்டுச் சேர்த்த படத்தை நாம் காக்கவில்லை. தமிழ்ப் படத்தின் முழுப் பிரதி இன்று நம் கையில் இல்லை. 1953இல் அமெரிக்காவில் உருவான ஆங்கில வடிவத்தை, வரலாற்றாசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதி சான்பிரான்சிஸ்கோவில் தேடிக் கண்டெடுத்தார். சேர்த்தவரின் உழைப்பைக் காப்பாற்ற இன்னொருவர் தேடி அலைய வேண்டியிருந்தது.

இன்று எல்லார் கையிலும் கேமரா இருக்கிறது. எடுக்க ஆள் பஞ்சமில்லை. எடுத்ததைப் பேணத்தான் ஆளில்லை. வாழ்நாளில் நாம் எதை உண்டாக்கினோம் என்பதோடு, எதை அழியாமல் காத்தோம் என்றும் கேட்டுக்கொள்ள வேண்டும் என்று நினைக்கிறேன். உங்கள் வீட்டுப் பழைய படங்களை எடுத்துப் பாருங்கள். அவற்றில் இருப்பவர் யார், எந்த ஊர், எந்த ஆண்டு என்று சொல்லக்கூடிய பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டு, ஒவ்வொன்றின் பின்னாலும் எழுதி வையுங்கள்.